பக்கத்து வீட்டுக்காரராக நடித்தவர்

பிள்ளைகளே, "அப்பா, அந்தத் தொத்தோரே வீட்டிலை நீங்கள் என்ன வேலை செய்தனீங்கள்?" என்று நீங்கள் இரண்டு பேரும் எத்தனையோ தரம் என்னிடம் கேட்டுவிட்டீர்கள். "வயது போனவரைப் பார்த்தனான்" என்று நான் ஒவ்வொரு முறையும் சொல்லி முடித்துவிடுவேன். அது உண்மைதான். சமைத்தேன், உடுப்புத் தோய்த்தேன், குளிக்க உதவினேன், கையைப் பிடித்துப் படியிறக்கி வெயிலில் கொஞ்ச நேரம் நடத்திக் கூட்டிவந்தேன். ஆனால் பின்னேரங்களில் நாங்கள் இருவரும் சேர்ந்து செய்த இன்னொரு வேலை இருந்தது. யப்பான் நாட்டின் பழைய படங்களில் ஒரு மனிதரைத் தேடினோம். நீங்கள் ஒரு நாள் வந்து கொஞ்சம் கண்டதுதான், அதை முழுக்க இப்போதுதான் எழுதுகிறேன். நான் பத்தாம் வகுப்போடு நின்றவன். எழுத்துப் பிழை இருந்தால் திருத்தி வாசியுங்கள்.

தொத்தோரே என்று கூப்பிட்டாலும் அவர் வைத்தியர் இல்லை. மருந்துக்கடை வைத்திருந்தவர். இந்த ஊரில் கொஞ்சம் படித்து, கோட்டும் போட்டால் எல்லோரும் தொத்தோரேதான். பல்லரோச் சந்தைக்குப் பின்பக்கத் தெருவில் மூன்றாம் மாடியில் வீடு. மனைவி முன்பே காலமாகிவிட்டார். ஒரே மகள் மிலானோவில். இளமையில் அவரும் நண்பர்களும் சேர்ந்து ஞாயிற்றுக்கிழமைகளில் ஒரு தேவாலய மண்டபத்தைக் கேட்டு எடுத்து, வெளிநாட்டுப் படங்களை வரவழைத்துச் சனத்துக்குப் போட்டுக் காட்டியிருக்கிறார்கள். அதிலே யப்பான் படங்கள்தான் அவருக்கு உயிர். அந்தப் படங்களைப் பிற்காலத்தில் ஒரு நண்பர் பிரதி எடுத்துக் கொடுத்திருந்தார். வெள்ளைக் கடதாசி உறைகளில் படத்தின் பெயர் மட்டும் எழுதிய டிவிடித் தட்டுகள், ஒரு அலுமாரி முழுக்க.

நான் அங்கே வேலைக்குப் போனபோது அவருடைய கண் பழுதாகத் தொடங்கியிருந்தது. கண்ணின் நடுப்பகுதியில் வருகிற வருத்தம். முழு இருட்டு ஒரு நாளும் வராது, ஆனால் முகங்கள் போய்விடும் என்று கண் வைத்தியர் சொல்லியிருந்தார். ஊசி போட்டுக் கொஞ்சம் தள்ளி வைக்கலாம், நிறுத்த முடியாது.

அவர் சொன்னவற்றை நான் எங்கள் தமிழில் எழுதுகிறேன். அவருடைய சிசிலியன் கலந்த இத்தாலியனை எழுத எனக்குத் தெரியாது.

"உன்னை நேரை பார்த்தால் உனக்குத் தலை இல்லை, பிச்சோத்து," என்பார். பிச்சோத்து என்றால் எங்கள் பொடியன் மாதிரி. எனக்கு அப்போதே தலை நரைத்துவிட்டது. "ஆனா உனக்குப் பின்னாலை நிக்கிற அலுமாரி நல்ல வடிவாத் தெரியுது."

"அப்ப நான் அலுமாரிக்குள்ளை போய் நிக்கட்டோ, தொத்தோரே?"

"நில். அங்கையாவது உன்ரை மூஞ்சையைப் பாப்பம்."

மதியச் சாப்பாடு முடிந்து, யன்னல் பலகைகளைப் பாதி சாத்திய பிறகு படம் தொடங்கும். வெளியே பல்லரோவில் மீன்காரர்கள் கூவுகிற சத்தம் அடங்கி வரும் நேரம். அறைக்குள் கோடு கோடாக வெயில் விழும். திரையில் அநேகமாக மழை பெய்துகொண்டிருக்கும். அந்த நாட்டுப் படங்களில் அப்படி ஒரு மழை. கீழே இத்தாலிய எழுத்து ஓடும். அது அவர் கண்ணுக்குத் தெரியாது, எனக்கு வாசித்துப் புரியாது. ஆனால் கதை எல்லாம் அவருக்கு மனப்பாடம். அவர் சொல்லச் சொல்ல நான் பார்ப்பேன். சில வேளை எனக்குக் கண் சொருகும். அரைத் தூக்கத்தில் அந்தக் கறுப்பு வெள்ளை மழை வன்னியில் பெய்கிறதா, யப்பானில் பெய்கிறதா, கீழே தெருவில் பெய்கிறதா என்று தெரியாது. ஒருமுறை படகுகளை இழுத்து விட்டிருந்த ஒரு கடற்கரை வந்தது. இங்கே பக்கத்தில் இருக்கிற ஸ்ஃபெர்ராகவால்லோக் கடற்கரைதான் என்று நினைத்து, நாங்கள் வழமையாக மீன் வாங்குகிற கடை எங்கே என்று தேடினேன்.

தொத்தோரே தொலைக்காட்சிக்குக் கிட்டக் கதிரையைப் போட்டு, திரையின் நடுவை நேராகப் பார்த்துக்கொண்டிருப்பார். நடுவில் நிற்கிற கதாநாயகன் அவருக்குப் புகை. கதாநாயகியும் புகை. அவருக்கு மிஞ்சியது ஓரத்தில் வந்து போகிறவர்கள்தான். தேத்தண்ணி கொண்டு வருகிறவர், வாசலில் எட்டிப் பார்க்கிறவர், சைக்கிளைப் பிடித்துக்கொண்டு நிற்கிற பொலிஸ்காரர்.

அப்படித்தான் அந்த மனிதரைக் கண்டுபிடித்தார். ஒரு படத்தில் பக்கத்து வீட்டுக்காரராக வந்து, மழைக்குக் குடை இரவல் கேட்டுவிட்டுப் போவார். இன்னொன்றில் தபால்காரர். இன்னொன்றில் சாராயக் கடை மூலையில் இருந்து, யாரோ சொன்ன பகிடிக்குக் கடைசியாகச் சிரிக்கிறவர். நடக்கும்போது இடது தோள் கொஞ்சம் கீழே இறங்கும், ஒரு வாளித் தண்ணீர் தூக்கி வருகிறவர் போல. படத்தின் முடிவில் பெயர்கள் யப்பான் எழுத்தில் ஓடும். அதை வாசிக்க எங்கள் இரண்டு பேராலும் முடியாது. ஆகையால் நாங்கள் அவருக்கு வைத்த பெயர் பக்கத்து வீட்டுக்காரர்.

"இந்த மனிசன் கிழவனாகிறதை நான் பாக்கவேணும்," என்று ஒரு நாள் சொன்னார். "அதுக்குப் பிறகு முகங்கள் போறதெண்டால் போகட்டும்."

"ஏன் தொத்தோரே, இவ்வளவு பேர் இருக்க இவரை?"

"பெரிய நடிகர்மார் கிழடாகினதை உலகமே பார்த்திட்டுது. இவனை ஆர் பார்த்தது? ஒருத்தனையாவது பொடியனிலையிருந்து கிழவன் மட்டும் நான் முழுசாப் பார்த்தன் எண்டு இருக்கட்டும்."

அவர் பகிடியாகச் சொல்லவில்லை. ஒவ்வொரு ஊசிக்குப் பிறகும் அவருக்குத் தெரிவது கொஞ்சம் கொஞ்சமாகக் குறைந்துகொண்டு வந்தது எனக்கும் தெரியும். ஆகவே அந்தத் தட்டுகளை வயதுவாரியாக அடுக்குகிற வேலை எனக்கு வந்தது. உறைகளில் வருடம் இல்லை. படங்களின் வயதை விட்டுவிட்டு அந்த மனிதரின் வயதைப் பார்த்து அடுக்கினேன். கன்னம் நிறைந்திருக்கிறதா, கழுத்து வற்றிவிட்டதா, நெற்றி எவ்வளவு மேலே ஏறிவிட்டது என்று பார்த்து, இளமையை இடது பக்கத்திலும் முதுமையை வலது பக்கத்திலும் வைத்தேன்.

அது எனக்குப் பிடிபட்ட வேலைதான். அகதி முகாமில் இருந்த காலத்தில், தூரத்தில் வரிசையில் வருகிறவன் எங்கள் ஊர் ஆளா இல்லையா என்று முகவெட்டைப் பார்த்தே சொல்லிப் பழகிய கண் என்னுடையது. ஒருவனைக் கண்டால் இன்னாருடைய பெடியன், இன்னாருக்குச் சகோதரம் என்று சொல்லிவிடுவோம். முக்கால்வாசி சரியாக இருக்கும்.

உங்கள் அம்மாவுக்கு இது பெரிய பகிடி. அவ சிஞ்ஞோரா என்று கூப்பிடுகிற ஒரு இத்தாலியப் பெண்ணின் வீட்டில் நாள் முழுக்க நிலம் துடைத்துவிட்டு வருவா.

"இஞ்சேருங்கோ, படம் பாக்கிறதுக்கும் சம்பளம் தாறாங்களோ உங்களுக்கு? என்ரை சிஞ்ஞோராட்டையும் ஒருக்காக் கேட்டுப் பாக்கிறன்."

"கதையாதையப்பா, அது லேசுப்பட்ட வேலையில்லை. கண் நோகுது."

"ஓம் ஓம், எனக்கு முழங்கால் நோகுது. மாத்துவமே?"

பெரியவளே, நீ ஒரு சனிக்கிழமை வந்து உன் போனில் தேடிப் பார்த்தாய், நினைவிருக்கிறதா? முதல் ஐந்தாறு பேரின் பெயரும் படமும்தான் வந்தன. தபால்காரராக வந்தவரைப் பற்றி ஒரு வரி இல்லை. தம்பி, நீயும் அன்று வந்திருந்தாய். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "மா பாப்பா, நொன் ஃபா நியெந்தே! இவர் ஒண்டுமே செய்யேல்லை, சும்மா வந்து போறார்," என்றாய். தொத்தோரே விழுந்து விழுந்து சிரித்தார். "சும்மா வந்து போறது எவ்வளவு கஷ்டம் எண்டு அவனுக்குச் சொல்லு," என்றார். நான் உனக்குச் சொல்லவில்லை. அன்று எனக்கும் அது சரியாக விளங்கவில்லை.

குளிர்காலம் முழுக்க அந்த அடுக்கின் இடது பக்கத்திலிருந்து வலது பக்கம் போனோம். பக்கத்து வீட்டுக்காரர் எங்களுக்கு முன்னால் மெல்ல மெல்ல வயது போனார். மீசை வைத்தார், எடுத்தார். வயிறு வைத்தது. ஒரு படத்தில் முதல் தடவையாகத் தகப்பனாக நடித்தார். மகளின் கலியாணத்துக்குச் சம்மதம் என்று தலையை ஆட்டுவதுதான் மொத்த வேலை. தொத்தோரே அதை மூன்று நாலு தரம் திருப்பிப் போடச் சொன்னார். "பார், இவனுக்கும் ஒரு குடும்பம் குடுத்திட்டாங்கள்," என்று அவருக்குச் சந்தோசம்.

அப்போதுதான் அந்தச் செத்தவீட்டுப் படம் வந்தது. ஒரு பெரிய வீட்டில் சனம் கூடி, கறுப்பு உடுப்போடு வரிசையாக முழங்காலில் இருக்கிறார்கள்.

"வந்திட்டார்," என்றேன். "இடது பக்கம், கதவுக்குக் கிட்ட."

"ஓம், கண்டிட்டன். தலையைக் குனிஞ்சுகொண்டு இருக்கிறான்."

பிறகு வலது பக்கக் கதவைத் திறந்துகொண்டு ஒருவர் உள்ளே வந்தார். கொஞ்சம் வயதான முகம். நான் என் கண்ணைக் கசக்கினேன்.

"தொத்தோரே, அவர் இன்னும் ஒருக்கா வந்திட்டார்."

"என்ன விசர்க் கதை? எழும்பிப் போனவனோ?"

"இல்லை. இடது பக்கத்திலையும் இருக்கிறார். வலது பக்கத்திலையும் நிக்கிறார்."

"நீ நித்திரை கொள்ளுறாய்."

"உங்களாணை இல்லை. இப்ப ஒராளுக்கு ஒராள் வணக்கம் சொல்லுகினம்."

படத்தை நிற்பாட்டினேன். தொத்தோரே எழுந்து வந்து, தலையை அப்படியும் இப்படியும் சரித்து இரண்டு ஓரத்தையும் பார்த்தார். இரண்டு பேர். ஒரே முகவெட்டு, ஒரே நெற்றி, ஒரே மாதிரிக் காது. அண்ணன் தம்பியாக இருக்கலாம், ஒன்றுவிட்ட சகோதரமாக இருக்கலாம், ஒரு சொந்தமும் இல்லாமலும் இருக்கலாம். படத்தைத் திரும்ப ஓடவிட்டு, அவர்கள் நடந்தபோதுதான் தெரிந்தது. வலது பக்கம் வந்தவருக்குத் தோள் இறங்கவில்லை. எங்கள் ஊர்ப் பழக்கத்தில் முகவெட்டைப் பார்த்து அடுக்கிய நான், இரண்டு மனிதரை வெட்டி ஒரே ஆயுளாகத் தைத்து வைத்திருந்தேன்.

தட்டுகளை மறுபடியும் பிரித்தோம். தோள் இறங்கியவர் பொடியனாகத் தொடங்கி நாற்பது வயது மட்டும் வருகிறார். அத்தோடு காணோம். மற்றவர் நாற்பதில் தொடங்கிக் கிழவனாகிறார். மகளுக்குச் சம்மதம் சொன்னவர் இந்த இரண்டாவது ஆள்.

"அப்ப நான் கிழவனாகக் கண்டது ஆரை?" என்று கேட்டார் தொத்தோரே.

"மற்றவரும் நல்ல மனிசன்தானே."

"நல்லவன்தான். ஆனா அவன்ரை இளமை எனக்குத் தெரியாது. முன்பின் தெரியாத ஆளின்ரை செத்தவீட்டிலை போய் இருந்து அழுதமாதிரிக் கிடக்கு."

பிறகு சொன்னார்: "நீ வந்த புதுசிலை, உனக்கு முதல் இஞ்சை இருந்த தமிழன்ரை பேரைச் சொல்லித்தான் உன்னை மாதக்கணக்காக் கூப்பிட்டனான். நீயும் ஒண்டும் சொல்லேல்லை."

"ஓம். எனக்கு வேலை வேணும்தானே."

"அவனுக்கும் உனக்கும் என்ன வித்தியாசம்?"

"அவன் என்னைவிட நல்லாச் சமைப்பான்."

"அது எனக்குத் தெரியும்," என்றார். அந்தச் சிரிப்போடு அன்றைக்குப் படுக்கப் போய்விட்டார்.

அதன் பிறகு பல நாள் தொலைக்காட்சி போடவில்லை. வானொலியில் செய்தி மட்டும் கேட்பார். தேத்தண்ணிக் கோப்பையைக் கையில் கொடுத்தால் பிடியைத் தடவிப் பிடித்தார். முன்பு அப்படித் தடவுவதில்லை. எனக்கு அது மனதை என்னவோ செய்தது. நாற்பது வயதில் காணாமல் போன ஒரு மனிதரின் முகம், முழுதாகப் பார்க்காமலே இவருக்குப் போய்விடப் போகிறது.

ஒரு நாள் அலுமாரி தூசு தட்டும்போது, அடித்தட்டில் நாங்கள் தொடாத ஒரு பெட்டி இருந்ததைப் பார்த்தேன். மகள் ஒவ்வொரு பிறந்தநாளுக்கும் கடையில் வாங்கி அனுப்பியவை. எல்லாம் பிற்காலத்து வர்ணப் படங்கள். தொத்தோரேக்கு வர்ணப் படம் என்றாலே பிடிக்காது. "சினிமாவுக்கு உதட்டுச் சாயம் பூசினமாதிரி" என்று ஒதுக்கி வைத்திருந்தார்.

"தொத்தோரே, நாற்பதுக்குப் பிறகு அவர் இதுக்குள்ளை இருக்கலாம்தானே? நாங்கள் தேடவே இல்லையே."

அவர் பெட்டியைக் கையால் தடவிப் பார்த்தார். பிறகு, "என்னை இந்தக் கண்றாவியையும் பாக்க வைக்கப்போறாய்," என்றார். எழுந்து கதிரையைத் தானே இழுத்துத் தொலைக்காட்சிக்கு முன்னால் போட்டார்.

ஆபிரிக்காவிலிருந்து சூட்டுக்காற்று வீசுகிற நாட்கள் அவை. ஷிரோக்கோ என்று பெயர். வானம் முழுக்க மஞ்சள் தூசி. யன்னலை முழுதாகச் சாத்திவிட்டு, அந்த இருட்டு அறையில் இருந்து பச்சை, சிவப்பு, ஊதா எல்லாம் பார்த்தோம். நிறம் வந்த பிறகு அந்த நாடு எனக்கு இன்னும் கனவு மாதிரி ஆகிவிட்டது. ஒரு படத்தில் இல்லை. அடுத்ததிலும் இல்லை. பெட்டி குறைந்துகொண்டு போனது.

அந்தப் படத்தில் ஒரு விடுதி வந்தது. மலையடிவாரத்தில் சுடுதண்ணீர்க் குளியலுக்கு ஆட்கள் வருகிற விடுதி. கதாநாயகி இலைப்பச்சை உடுப்போடு யன்னலுக்குப் பக்கத்தில் இருந்து அழுகிறா. அந்தப் பச்சையைத்தான் நான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"நில்!" என்றார் தொத்தோரே. "பின்னுக்குப் போ."

"என்ன?"

"அவன் போறான். பின்னுக்குப் போ எண்டு சொல்லுறன்."

பின்னால் போனேன். கதாநாயகியின் தோளுக்குப் பின்னால், நடைபாதையின் கடைசியில், விடுதி வேலைக்காரக் கிழவர் ஒருவர் சுருட்டிய படுக்கைகளைத் தூக்கிக்கொண்டு குறுக்கே போகிறார். வெள்ளைத் தலை. இடது தோள் இறங்குகிறது. நான் அவரைக் காணவே இல்லை. என் தலையே தெரியாத மனிதர் கண்டுவிட்டார்.

நிற்பாட்டினேன். தொத்தோரே திரைக்கு முகம் முட்டுகிற அளவுக்குக் கிட்டப் போனார். ஒரு குருவி பார்க்கிற மாதிரி தலையை ஒரு பக்கம் திருப்பினார், மற்றப் பக்கம் திருப்பினார். திரையில் அந்த முகம் நகத்தளவு. கடைசியில் கையை முழங்காலில் ஊன்றிப் பின்னுக்கு வந்து இருந்தார்.

"நடையைக் கண்டிட்டன். முகம் பிடிபடுதில்லை. எப்பிடி இருக்கு, சொல்லு."

எனக்குத் தெரிந்த இத்தாலியனில் சொன்னேன். வயது போய்விட்டது, களைப்பு, ஆனால் நல்லவர். அவர் கையால் வேண்டாம் என்று காட்டினார்.

"இதை நீ தூதரகத்திலை பாஸ்போட் எழுதிறவனுக்குப் போய்ச் சொல்லு. உன்ரை பாஷையிலை சொல்லு. முழுசாச் சொல்லு."

"உங்களுக்கு விளங்காதே."

"யப்பான் பாஷை மட்டும் எனக்கு விளங்கினதோ? சொல்லு."

அவர் கண்ணை மூடிக்கொண்டார். நான் திரைக்குப் பக்கத்தில் நிலத்தில் இருந்து, தமிழில் சொன்னேன்.

"கன்னம் ரண்டும் வத்திப் போச்சு. பல்லுக் கட்டியிருக்கிறார் போலை, வாய் கொஞ்சம் முன்னுக்கு நிக்குது. புருவம் மட்டும் இன்னும் கறுப்பு. படுக்கை சரியப் பாக்குது, அதை நாடியாலை அமத்திப் பிடிச்சுக்கொண்டு போறார். அங்கை ஒரு பெட்டை அழுகிறது அவருக்குத் தெரியும். திரும்பிப் பாக்கேல்லை. பார்த்தால் அவள் வெக்கப்படுவாள் எண்டு பாக்காமல் போறார். தன்னை ஒருத்தரும் பாக்கேல்லை எண்டும் தெரியும். எண்டாலும் ஒழுங்காத்தான் போறார், தொத்தோரே. காலைத் தேய்க்காமல், அவசரப்படாமல் போறார்."

இன்னும் ஏதேதோ சொன்னேன். அவருக்கு ஒரு சொல்லும் விளங்கியிருக்காது. கண்ணை மூடியபடி தலையை மட்டும் ஆட்டிக்கொண்டிருந்தார். நான் முடித்ததும், "பஸ்தா," என்றார். "காணும். இப்ப நிப்பாட்டு."

"முடிவு பாக்கேல்லையோ?"

"அவன்ரை முடிவு வந்திட்டுதுதானே."

அதன் பிறகு அவர் படம் பார்க்கக் கேட்கவில்லை. அந்த வருடம் முடிவதற்குள் முகங்கள் போய்விட்டன. சத்தத்தையும் நடையையும் வைத்துத்தான் என்னை அறிந்தார். பிறகு மகள் வந்து, தன்னோடு மிலானோவுக்குக் கூட்டிப் போவதாகச் சொன்னா. நானே சாமான் கட்டினேன். தட்டுகளைக் கொண்டுபோவதா என்று மகள் கேட்டபோது, ஏதாவது நூலகத்துக்குக் கொடுத்துவிடு என்றார்.

ஸ்தாசியோனே சென்ட்ராலே ரயில் நிலையத்தில் பெட்டிக்குள் ஏற்றி இருத்திவிட்டு, நான் அவருக்கு முன்னால் நின்றேன். 

"போட்டு வாங்கோ, தொத்தோரே."

அவர் என்னைப் பார்ப்பதற்காக முகத்தை மற்றப் பக்கம் திருப்பினார். யாராவது கண்டிருந்தால் என்னோடு கோபம் என்று நினைத்திருப்பார்கள். எதிர்ப்பக்க யன்னலைப் பார்த்தபடியே கொஞ்ச நேரம் அப்படி இருந்தார்.

"நரைச்சிட்டாய், பிச்சோத்து," என்றார்.

ரயில் போன பிறகு நான் வெளியே வந்தேன். நிலையத்துக்கு முன்னால் வெயில். ஒரு வெளிநாட்டுக் குடும்பம் படம் எடுத்துக்கொண்டிருந்தது. தகப்பன் போனைப் பிடித்திருக்க, தாயும் இரண்டு பிள்ளைகளும் பனைமரங்களுக்குக் கிட்ட நின்று கையை ஆட்டினார்கள். நான் போகவேண்டிய வழி அவர்களுக்குப் பின்னாலே இருந்தது. அவர்கள் எடுத்து முடிக்கட்டும் என்று ஒரு கணம் நின்றேன். பிறகு சேர்ட்டின் கழுத்துப் பட்டையைச் சரிசெய்தேன். அவர்களுடைய போனைப் பார்க்காமல், காலைத் தேய்க்காமல், அவசரப்படாமல், வீட்டுக்குப் போகிற ஒரு மனிதனாக அவர்களுக்குப் பின்னால் குறுக்கே நடந்து போனேன். தெருவின் மற்றக் கரை வரும்வரை திரும்பிப் பார்க்கவில்லை.